உடன்பிறந்தாரும் ஒரே குடித்தனமும்

உத்தியோகத்தை முன்னிட்டுச் சென்னைக்கு வரும் உடன்பிறந்தார், ஒரே வீட்டை வாடகைக்கு எடுத்துச் சேர்ந்து வாழ்வது இக்காலத்தில் சாதாரணமாகிவிட்டது. செலவு குறைகிறது, பெற்றோரின் கவலையும் தணிகிறது. ஆனால், ஒரு வயிற்றில் பிறந்தவர்களுக்குள் ஏற்பாடு எதற்கு என்று எண்ணுவதே மனஸ்தாபத்துக்கு வித்தாகிறது.

அந்நியருடன் அறையைப் பகிர்ந்துகொள்பவர் வாடகை, விருந்தாளி, விளக்கணைக்கும் நேரம் யாவற்றையும் முன்கூட்டியே பேசிக்கொள்கிறார். உடன்பிறந்தவரிடமோ அதைப் பேசக் கூசுகிறார். பேசாமல் விட்டவை யாவும் பிள்ளைப் பிராயத்து வழக்கப்படியே நடக்கின்றன. மூத்தவர் கட்டளையிடுகிறார்; இளையவர் முணுமுணுக்கிறார்; சகோதரி இருந்தால் அடுப்படி அவள் தலையில் விழுகிறது.

ஓவியர் வின்சென்ட் வான்கோ 1886ஆம் வருஷ ஆரம்பத்தில், பாரிஸில் சித்திர வியாபார நிலையமொன்றில் உத்தியோகத்திலிருந்த தம்பி தியோவிடம் முன்னறிவிப்பின்றி வந்து சேர்ந்தார். செலவைத் தாங்கியவர் தம்பியே. இடம் போதாமல் அவ்வருஷமே மோன்மார்த்ரில் பெரிய ஜாகைக்குக் குடிபெயர்ந்தனர். அப்படியும், வீட்டு வாழ்க்கை சகிக்க முடியாததாகிவிட்டது என்று 1887இல் தியோ தங்கைக்கு எழுதினார். பிறகு சமாதானம் ஏற்பட்டது. 1888 பிப்ரவரியில் வின்சென்ட் ஆர்ல் நகருக்குப் போனதும், அண்ணனில்லாத வீட்டின் வெறுமையைப் பற்றியும் அதே தங்கைக்கு எழுதினார். பேரன்பும் பெரிய வீடும் இருந்தும் சச்சரவு எழுந்ததென்றால், அன்பு ஒன்றே குடித்தனத்தை நடத்திவிடாது என்பது விளங்கும்.

ஆகவே, முதல் மாதத்திலேயே இருவரும் உட்கார்ந்து பேசுதல் நலம். தமிழ்நாட்டில் 2019இல் அமலுக்கு வந்த சட்டப்படி வாடகை ஒப்பந்தம் எழுத்து மூலமாக இருக்க வேண்டும். அதில் ஒருவர் பெயர் மட்டும் இருந்தால் மற்றவர் அவர் தயவில் குடியிருப்பவராகிறார். இருவர் பெயரும் இடம்பெறுவதே நியாயம். சம்பளம் ஏறத்தாழ இருந்தால் பங்கும் அதற்கேற்ப இருக்கலாம். ஆனால் அதிகம் கொடுப்பவருக்கு அதிகாரமும் அதிகம் என்று ஆகிவிடக் கூடாது. சமையலும் பாத்திரம் துலக்குவதும் முறைவைத்து நடக்கட்டும். மூடிய கதவைத் தட்டிவிட்டே திறக்க வேண்டும். எல்லாவற்றுக்கும் மேலாக, இங்கே தீர்க்க வேண்டிய வழக்கை ஊரிலுள்ள தாயாரிடம் தொலைபேசியில் கொண்டுபோகலாகாது. தீர்ப்புச் சொல்ல வழியின்றி அவர் தூக்கமிழப்பதே அதன் பலன்.

கல்யாணமோ, வேலை மாற்றமோ இக்குடித்தனத்தைச் சில வருஷங்களில் முடித்துவிடும். முன்பணத்தைப் பங்கிட்டுக்கொண்டு பிரியும் நாளில் இருவரும் முகம் பார்த்துச் சிரிக்கக்கூடியவர்களாக இருக்க வேண்டும். பெற்றோருக்குப் பின்னரும் நிலைக்க வேண்டிய உறவு அது.