போர்க்களத்தில் நின்றவர் படம் எடுத்தால்? - ஆலிவர் ஸ்டோனின் 3 வியட்நாம் படங்கள்!

போர்ப் படம்னா என்ன ஞாபகம் வரும்? ஸ்லோமோஷன்ல ஹீரோ நடந்து வருவார், பின்னாடி குண்டு வெடிக்கும். ஆனா, நிஜமாவே போர்க்களத்துல நின்ன ஒருத்தர் படம் எடுத்தா? எறும்புக்கடி, தூக்கமின்மை, பயம்... இதெல்லாம்தான் முதல்ல திரைக்கு வரும். ஹாலிவுட் இயக்குநர் ஆலிவர் ஸ்டோன் அப்படிப்பட்டவர்.

யேல் பல்கலைக்கழகப் படிப்பைப் பாதியில் விட்ட ஸ்டோன், 1967-ல் தானாகவே முன்வந்து அமெரிக்க ராணுவத்தில் சேர்ந்து வியட்நாம் போனார். இரண்டு முறை காயமடைந்தார். ஊர் திரும்பிய பிறகு நியூயார்க்கில் சினிமா படித்தார்.

பிளட்டூன் (1986)

தன் அனுபவத்தை வைத்து 1976-லேயே எழுதிய ஸ்கிரிப்ட். படமாக 10 வருஷம் ஆச்சு. அமெரிக்க ராணுவத் தலைமையகமான பென்டகனும் உதவ மறுத்தது. பிலிப்பைன்ஸ் காட்டில் ஷூட்டிங். அதுக்கு முன்னாடி, முன்னாள் ராணுவ அதிகாரி டேல் டை நடிகர்களைக் காட்டுக்குள்ள கூட்டிட்டுப்போய் பயிற்சி கொடுத்தார். குழி தோண்டி அதுலயே தூக்கம், ராத்திரி காவல். திரையில் தெரியும் களைப்பில் பாதி நடிப்பே இல்லை! சிறந்த படம், இயக்குநர் உட்பட 4 ஆஸ்கர் கிடைச்சது.

பார்ன் ஆன் தி ஃபோர்த் ஆஃப் ஜூலை (1989)

சண்டை முடிஞ்சா எல்லாம் சரியாகிடுமா? வியட்நாமில் குண்டடிபட்டு சக்கர நாற்காலியில் ஊர் திரும்பி, அதே போரை எதிர்த்துப் போராடிய ரான் கோவிக்கின் உண்மைக் கதை. டாம் க்ரூஸ் நடித்தார். ஸ்டோனுக்கு இரண்டாவது சிறந்த இயக்குநர் ஆஸ்கர்.

ஹெவன் அண்ட் எர்த் (1993)

இதில் நாயகி, லே லி ஹேஸ்லிப் என்ற வியட்நாம் பெண். கிராமத்து நெல்வயலில் வளர்ந்தவர், இரண்டு தரப்பிடமும் சிக்கிச் சின்னாபின்னமாகிறார். படம் வசூலில் தோற்றது.

ஆனா, மூணையும் வரிசையா பார்த்தா ஒரு விஷயம் புரியும். முதல் படத்தில் அமெரிக்க வீரர்கள் ஒரு வியட்நாம் கிராமத்துக்குள் நுழைந்து வெறியாட்டம் போடுவார்கள். அங்கே அழுகிற பெண்கள் யார், அவங்க கதை என்னன்னு நமக்குத் தெரியாது. மூணாவது படத்தில் அப்படி ஒரு கிராமத்துப் பெண்தான் கதையையே சொல்கிறார். துப்பாக்கியோடு போன இடத்துக்கே, அங்கே இருந்தவங்க கதையைக் கேட்கத் திரும்பிப் போயிருக்கார் ஸ்டோன்.

வார இறுதியில் பார்க்கிறதா இருந்தா, இதே வரிசையில் பாருங்க. மூணாவதை மட்டும் விட்டுடாதீங்க!