தேசிங்கு என்று ஒரு பெயர்

வீட்டில் துடுக்குப் பிள்ளை ஒன்று இருந்தால் உங்களுக்குத் தெரியாமல் இராது. தலையணையைக் குதிரையாக்கி, துடைப்பக் குச்சியை வாளாக்கி, கூடத்தை இரண்டுபடுத்துவான். "பெரிய ராஜா தேசிங்கு என்று நினைப்போ?" என்று அடுப்பங்கரையிலிருந்து நீங்களும் ஒரு தடவையாவது அதட்டியிருப்பீர்கள். அதட்டலாகவே சொன்னாலும், அந்தப் பெயரைச் சொல்லும்போது உள்ளுக்குள் கொஞ்சம் பெருமையும் இருந்திருக்கும்.

ஆனால் 'தேசிங்கு' என்றால் என்ன அர்த்தம் என்று எப்போதாவது யோசித்ததுண்டா? தேசம் என்ற சொல்லோடு சம்பந்தப்பட்டது என்று நம்மில் பலர் எண்ணிக் கொண்டிருக்கிறோம். அதுதான் இல்லை. அந்தப் பெயரின் பூர்வோத்தரத்தைத் தேடிப் போனால், அது நம்மைச் செஞ்சிக் கோட்டையிலிருந்து பஞ்சாபின் அனந்தபூர் வரையில் இழுத்துக் கொண்டு போய்விடுகிறது.

திண்டிவனத்திலிருந்து திருவண்ணாமலை போகும் சாலையில், பாறாங்கற்களைக் கொட்டிக் குவித்தாற்போல் மூன்று குன்றுகள் எழுந்து நிற்கின்றன. ராஜகிரி, கிருஷ்ணகிரி, சந்திரகிரி. மூன்றையும் சேர்த்து வளைத்த மதில்தான் செஞ்சிக் கோட்டை. 1677-இல் சிவாஜி இதைப் பிடித்தார். அவருடைய மகன் ராஜாராம் இங்கே இருந்து கொண்டு மொகலாயப் படையை எட்டு வருஷம் இழுத்தடித்தார். கடைசியில் 1698-இல் கோட்டை ஔரங்கசீப்பின் தளபதி சுல்பிகார் கான் கையில் விழுந்தது. 2025-ஆம் ஆண்டு ஜூலையில் உலகப் பாரம்பரியச் சின்னங்களின் பட்டியலில் மராட்டியர் கோட்டைகள் பன்னிரண்டு சேர்க்கப்பட்டபோது, தமிழ்நாட்டிலிருந்து இடம்பெற்ற ஒரே கோட்டை இதுதான்.

இவ்வளவு பேர் ஆண்ட இடம். ஆனால் ஊர்க்காரர் யாரைக் கேட்டாலும், "தேசிங்கு ராஜா கோட்டை" என்றுதான் சொல்வார்கள். அவரோ ஆண்டது ஒரு வருஷங்கூட நிறையவில்லை!

அவருடைய உண்மைப் பெயர் தேஜ் சிங். தகப்பனார் ஸ்வரூப் சிங், வடக்கே புந்தேல்கண்டத்திலிருந்து வந்த ராஜபுத்திரர். 1700-ஆம் ஆண்டு வாக்கில் ஔரங்கசீப் அவரைச் செஞ்சிக்கு அதிபதியாக அமர்த்தினார்.

தேஜ் சிங் எப்படித் தேசிங்கு ஆனார்? நம் பாட்டிமார்களின் நாக்கு செய்த வேலை அது. தமிழ்ச் சொல் எதுவும் 'ங்' என்று முடிவதில்லை. ஆகவே 'சிங்' என்பதற்குக் கடைசியில் ஓர் உகரம் கொடுத்து 'சிங்கு' ஆக்கினார்கள். 'ஜ்' என்ற ஒலி 'ச'வில் கரைந்தது. தேஜ் சிங், தேசிங்கு ஆகிவிட்டார்.

இதிலே ஒரு வேடிக்கை பாருங்கள். 'தேஜ்' என்பதும் நமக்குப் புதிதல்ல. வடமொழியில் தேஜஸ் என்றால் ஒளி, காந்தி, வீரியம். அதே சொல் நம்முடைய பழைய தமிழில் 'தேசு' என்று எப்போதோ குடியேறிவிட்டது. 'முகத்தில் தேசு இருக்கிறது' என்று பெரியவர்கள் சொல்வது அதைத்தான். சிங் என்பது சிங்கம். அதற்கு விளக்கம் வேண்டியதில்லை. ஆக, ஒளி பொருந்திய சிங்கம் என்பதே தேசிங்கு. செஞ்சிக்கு வடக்கே, கூப்பிடு தூரத்தில், ரங்கநாதர் பள்ளிகொண்டிருக்கும் குடைவரைக் கோயில் சிங்கவரம். அதன் பழைய பெயர் சிங்கபுரம். சிங்கத்தின் பெயர் கொண்ட மண்ணுக்குத்தான் அந்தச் சிங்கம் வடக்கேயிருந்து வந்து சேர்ந்தது!

பஞ்சாபில் ஒரு தொட்டில்

'சிங் என்றால் தலைப்பாகைக்காரர், பஞ்சாபி' என்று நாம் முடிவு கட்டிவிடுகிறோம். தேசிங்கு பஞ்சாபி அல்ல; சீக்கியரும் அல்ல. ராஜபுத்திர வீரர்கள் சிங் என்ற பட்டத்தை முன்னமே சூடிக் கொண்டிருந்தார்கள். குலப் பெருமையைக் காட்டும் பட்டம் அது.

அதை எல்லோருக்கும் பொதுவாக்கியது பஞ்சாப். 1699-ஆம் வருஷம் வைசாகித் திருநாளன்று, அனந்தபூரில் குரு கோவிந்தர் கால்சா என்னும் சகோதரக் கூட்டத்தை நிறுவினார். முதலில் தீட்சை பெற்ற ஐவரில் ஒருவர் லாகூர்க்காரர், ஒருவர் பூரியிலிருந்து வந்த தண்ணீர் சுமப்பவர், இன்னொருவர் நம் தென்னாட்டுப் பக்கத்துப் பீதரிலிருந்து போன நாவிதர். ஐந்து பேருக்கும் ஒரே பட்டம்: சிங். குருவும் தம் பெயரைக் கோவிந்த ராய் என்பதிலிருந்து கோவிந்த் சிங் என்று மாற்றிக் கொண்டார். பெயரைக் கேட்டவுடன் சாதியைத் தெரிந்துகொள்ளும் வழக்கத்துக்கு அங்கே ஓர் அடி விழுந்தது. பெண்களுக்கு 'கௌர்' என்ற பட்டம் வந்தது. ராஜகுமாரனையோ ராஜகுமாரியையோ குறிக்கும் சொல்லின் வழியாக வந்தது என்கிறார்கள். பஞ்சாபிப் பெண் இன்னாருடைய மனைவி என்பதற்காகத் தன் பட்டத்தை மாற்றிக்கொள்ள வேண்டியதில்லை.

குழந்தைக்குப் பெயர் வைக்கும் முறையும் அங்கே அழகானது. குருத்வாராவில் குரு கிரந்த சாகிபைப் பிரிப்பார்கள். திறந்த பக்கத்தில் கிடைக்கிற பாசுரத்தின் முதல் எழுத்து எதுவோ, அந்த எழுத்தில் குழந்தையின் பெயர் தொடங்க வேண்டும். 'த' என்று வந்தால் தேஜ் சிங், தேஜிந்தர் சிங், தேஜா சிங் என்று பெயர்கள் வரிசையாய் நிற்கும். ஆணுக்கு வைக்கும் அதே பெயரைப் பெண்ணுக்கும் வைப்பதுண்டு. பின்னால் வரும் சிங்கும் கௌரும்தான் வித்தியாசம் காட்டும்.

ஒன்றை மட்டும் குழப்பிக்கொள்ளக் கூடாது. ஒன்பதாவது குருவான தேக் பகதூரின் பெயரில் உள்ள 'தேக்' என்பது பாரசீகச் சொல். வாள் என்று பொருள். தேஜ் ஒளி, தேக் வாள்.

நம் வழக்கம் வேறு. இங்கே பிள்ளைக்குத் தாத்தாவின் பெயர். பேரன் என்ற சொல்லே 'பெயரன்' என்பதிலிருந்து வந்ததுதான். தாத்தாவின் பெயரைத் தாங்குபவன் என்று பொருள். இதில் சங்கடம் மருமகளுக்குத்தான்! மாமனார் பெயரை வாயால் சொல்லக் கூடாதாகையால், பெற்ற பிள்ளையையே 'ராஜா', 'துரை', 'தம்பி' என்று சுற்றி வளைத்துக் கூப்பிட வேண்டியிருந்தது. அந்தக் காலத்துத் தாய்மார்கள் எத்தனையோ பேர் இப்படித்தான் பிள்ளை வளர்த்தார்கள்.

பெயருக்குள் ஒரு போர்

தேசிங்கு கதைக்கு வருவோம். 1714-இல் ஸ்வரூப் சிங் காலமானார். தேஜ் சிங் இளம் மனைவியுடன் செஞ்சிக்கு வந்து சேர்ந்தார். தகப்பனார் வைத்துவிட்டுப் போன கப்பப் பாக்கி அவர் தலையில் விழுந்தது. ஆர்க்காட்டு நவாப் சாதத்துல்லா கான் பாக்கியைக் கேட்டார். கோட்டை எங்களுக்குப் பாதுஷா கொடுத்தது, நவாபுக்கு நான் ஏன் கட்டுப்பட வேண்டும் என்பது இளைஞரின் நிலை. ஆகக் கூடி, கதையின் அடியில் இருப்பது ஒரு பணத் தகராறு. நம் வீட்டுப் பாகப் பிரிவினைகளில் வருகிற மாதிரிதான்.

1714 அக்டோபர் 3-ஆம் தேதி செஞ்சியை அடுத்த வெளியில் போர் நடந்தது. நவாபின் பெரும் படைக்கு எதிரே சிறு கூட்டம். தேஜ் சிங் மாண்டார். வயது இருபத்திரண்டு.

அந்தக் கதையைத் தெருப்பாடகர்கள் எடுத்துக் கொண்டார்கள். 'தேசிங்கு ராஜன் கதை' என்ற கதைப்பாட்டு ஊர் ஊராகப் போயிற்று. 1960-இல் எம்.ஜி.ஆர். நடித்த 'ராஜா தேசிங்கு' படமும் வந்தது. கதைப்பாட்டில் எல்லோர் நெஞ்சிலும் நிற்பவர் தேசிங்கின் உயிர் நண்பர் மகமத்கான். கல்யாணக் கோலத்தில் இருந்தவர், நண்பனுக்கு ஆபத்து என்று கேட்டதும் மணவறையை விட்டு எழுந்து போர்க்களம் போய் உயிர் விட்டாராம். எதிரே நின்ற நவாபும் முஸ்லிம், தோளோடு தோள் நின்ற நண்பரும் முஸ்லிம். அந்தப் போரை மதச் சண்டையாகப் பாடவில்லை நம் ஜனங்கள். நட்பின் கதையாகப் பாடினார்கள்.

வென்ற சாதத்துல்லா கான் கோட்டைக்குள் கட்டிய மசூதி இன்றும் அழகாக நிற்கிறது. ஆனால் அவர் பெயரைச் சொல்லி எந்தத் தாயும் பிள்ளையை அதட்டுவதில்லை. தோற்றவனின் பெயர்தான் வீடுதோறும் புழங்குகிறது.

அதே தேஜ் சிங் என்ற பெயர் பஞ்சாபிலும் ஒரு போரைப் பார்த்தது. முதல் ஆங்கிலேய-சீக்கியப் போரில் சீக்கியப் படைக்குத் தளபதியாக இருந்தவர் பெயர் தேஜ் சிங். 1846-இல் சோப்ராவ் களத்தில் வீரர்களைத் தவிக்கவிட்டு முன்னதாகவே அகன்றார் என்ற பழி அவர்மீது நிலைத்துவிட்டது. செஞ்சியில் ஒரு தேஜ் சிங், சோப்ராவில் ஒரு தேஜ் சிங். பெயர் ஒன்று, கீர்த்தி வேறு! அதே பஞ்சாபில் தேஜா சிங் சமுந்திரி என்ற மற்றொருவர், குருத்வாராக்களைச் சீர்திருத்தும் கிளர்ச்சியில் சிறை சென்று, 1926-இல் லாகூர்ச் சிறையிலேயே உயிர் நீத்தார். பெயர் விதையைப் போன்றது. முளைப்பது மண்ணைப் பொறுத்தது.

அந்தப் பெண்ணின் பெயர் என்ன?

சகோதரிகளே, இந்த இடத்தில் ஒரு கேள்வி. தேசிங்கு இறந்ததும் அவருடைய மனைவி உடன்கட்டை ஏறினாள். ராஜகிரியின் பக்கத்தில் உள்ள செட்டிக்குளக் கரையில் அது நடந்ததாகச் சொல்கிறார்கள். அவளுடைய நினைவாக நவாப் பாலாற்றங்கரையில், ஆர்க்காட்டுக்கு எதிரே ஓர் ஊரை உண்டாக்கினார். அதுவே ராணிப்பேட்டை. 2019-இல் அது ஒரு மாவட்டத்தின் தலைநகராகவும் ஆகிவிட்டது.

ஊர் கிடைத்தது. பெயர் கிடைத்ததா? 'ராணி' என்பது பதவி. கதைகளில் அவளை 'ராணிபாய்' என்கிறார்கள். ராணியம்மாள் என்பதற்கு மேல் அதில் என்ன இருக்கிறது? பெற்றவர்கள் தொட்டிலில் இட்டு அழைத்த பெயர் அதுதானா என்று யாரும் கேட்கவில்லை. புருஷனுடைய பெயருக்கு அர்த்தம் தேடி இத்தனை தூரம் அலைந்தோம். அவளுக்கோ தேடிப் பார்ப்பதற்கே ஒரு பெயர் மிஞ்சவில்லை. உடன்கட்டையைச் சட்டம் போட்டுத் தடுக்க 1829 வரை காத்திருக்க வேண்டியிருந்தது. 'பத்தினித் தெய்வம்' என்று கையெடுத்துக் கும்பிடுவதோடு நாம் நிறுத்திக் கொண்டால், இருபது வயதைச் சுற்றிய ஒரு பெண் தீயில் விழ நேர்ந்த கொடுமை மறந்து போகும்.

நம் வீட்டுச் சிங்குகள்

தேசிங்கோடு வடக்கத்திப் பெயர்கள் நின்றுவிடவில்லை. புந்தேல்கண்டத்திலிருந்து வந்து தங்கிய வீரர்களின் சந்ததியார் 'பொந்தில்' என்ற பெயரில் வட ஆர்க்காட்டுப் பக்கம் தலைமுறைகளாக வாழ்கிறார்கள். சிங் என்ற பட்டத்தையும் காப்பாற்றி வருகிறார்கள்.

திருநெல்வேலி, கன்னியாகுமரிப் பக்கத்துக் கிறிஸ்தவக் குடும்பங்களில் சுந்தர்சிங், ஜெயசிங், ராஜாசிங் என்ற பெயர்களை நீங்கள் கேட்டிருக்கலாம். சுந்தர்சிங் என்ற பெயருக்குப் பின்னால் நிற்பவர் அசல் பஞ்சாபியேதான். லூதியானா அருகே ராம்பூரில் 1889-இல் சீக்கியக் குடும்பத்தில் பிறந்த சாது சுந்தர்சிங். கிறிஸ்துவை ஏற்றுக்கொண்ட பிறகும் காவியுடையை விடாமல் நடந்தவர். 1918-இல் தென்னாட்டிலும் இலங்கையிலும் சுற்றிப் பேசினார். 1929-இல் திபெத்தை நோக்கிப் போனவர் திரும்பவில்லை.

இன்னொரு பெயர் பகத்சிங். 1931 மார்ச் 23-ஆம் தேதி லாகூரில் தூக்கிலிடப்பட்ட அந்த இருபத்து மூன்று வயது இளைஞரின் பெயரைத் தமிழ்நாட்டில் எத்தனையோ பெற்றோர் தங்கள் பிள்ளைகளுக்குச் சூட்டினார்கள். பகத் என்றால் பக்தன். அவர் பிறந்த சமயத்தில் தகப்பனாரும் சிற்றப்பன்மாரும் சிறையிலிருந்து விடுபட்ட செய்தி வந்ததால், 'பாக்கியசாலி' என்று பொருள்படப் பாட்டி அழைத்தாளாம். கடவுளை நம்பாத அந்த இளைஞரின் பெயர் பக்தன்! பெயர் வைப்பது பெரியவர்கள்; அதற்குப் பொருள் சொல்வது பிள்ளை வாழ்ந்து காட்டும் வாழ்க்கை.

இந்நாளில் தேஜஸ், தேஜா என்று பையன்களுக்கும், தேஜஸ்வினி, தேஜஸ்ரீ என்று பெண்களுக்கும் பெயர் வைப்பது பெருகியிருக்கிறது. உங்கள் வீட்டிலோ பக்கத்து வீட்டிலோ அப்படி ஒரு குழந்தை இருந்தால், அதன் பெயரும் தேசிங்கின் பெயரும் ஒரே வேரில் கிளைத்தவை என்று சொல்லிக் கொடுங்கள். வீரத்தைச் சொல்லுங்கள். நண்பனைச் சொல்லுங்கள். கப்பப் பாக்கியையும் மறைக்காமல் சொல்லுங்கள். முக்கியமாகப் பெண் குழந்தை என்றால், பெயர் இல்லாமல் போன அந்த ராணியைப் பற்றியும் ஒரு வார்த்தை சொல்லிவிடுங்கள். தேசு என்ற சொல் பெண்ணுக்கும் வாய்த்துவிட்ட காலம் இது. அவளுடைய பெயர் அவளோடு நிலைத்து நிற்கட்டும்.