தேம்ஸ் நதியின் ஊதாப் பனி

பிரான்ஸ் நாட்டு ஓவியர் குளோத் மோனே 1899, 1900, 1901 என மூன்று ஆண்டுகள் தொடர்ந்து லண்டனுக்குப் போனார். அவர் தங்கிய சவாய் ஹோட்டலில் இருந்து பார்த்தால் கீழே தேம்ஸ் நதி. ஒரு பக்கம் வாட்டர்லூ பாலம், மறுபக்கம் சேரிங் கிராஸ் ரயில் பாலம். சலிக்காமல் அவற்றையே வரைந்தார். சாயங்காலம் அக்கரையில் இருக்கும் செயின்ட் தாமஸ் மருத்துவமனைக்குப் போய், அங்கிருந்து நாடாளுமன்றக் கட்டடத்தை வரைந்தார்.

அந்த ஓவியங்களில் பாலமும் கோபுரமும் மங்கலாகத்தான் தெரியும். சுற்றிலும் ஊதாவும் நீலமும் ஆரஞ்சுமாக மூடுபனி! 1900 மார்ச்சில் ஒரு நாள் காலை, கண் விழித்ததும் மோனே பதறிப்போனார். வெளியே கொஞ்சம்கூடப் பனி இல்லை. பிறகு ஊரில் அடுப்புகள் ஒவ்வொன்றாக எரியத் தொடங்கின. புகையும் மூட்டமும் திரும்பி வந்தன. இதை அவரே மனைவிக்குக் கடிதத்தில் எழுதியிருக்கிறார்.

அடுப்புக்கும் பனிக்கும் என்ன தொடர்பு?

லண்டன் வீடுகளிலும் ஆலைகளிலும் அப்போது நிலக்கரிதான் எரிந்தது. அதிலிருந்து கரித்துகள்களும் கந்தக டை ஆக்சைடு வாயுவும் கிளம்பின. அந்த வாயு காற்றில் மாறி, மிக நுண்ணிய துகள்களாகும். ஈரக்காற்றில் இருக்கும் நீராவி அத்துகள்களின் மேல் படிந்து நீர்த்திவலையாகும். சாம்பிராணி போட்ட அறையில் ஜன்னல் வெயில் ஒரு கோடாகத் தெரிவதைப் பார்த்திருப்பீர்கள். புகைத்துகள்கள் ஒளியை நாலாபக்கமும் சிதறடிப்பதால்தான் அது தெரிகிறது. நதியின் மேலும் அதேதான் நடந்தது. பாலத்திலிருந்து வரும் ஒளி வழியிலேயே சிதறிவிடும். வேறு திசையிலிருந்து சிதறிய ஒளி நம் கண்ணுக்குள் புகும். அதனால் கறுப்பு வெளுக்கும், விளிம்புகள் கரையும். நுண்துகள்கள் நீல ஒளியை அதிகம் சிதறடிப்பதால், சூரியன் ஆரஞ்சாகத் தெரியும்.

2023இல் ஆன்னா லீ ஆல்பிரைட், பீட்டர் ஹைபர்ஸ் என்ற இரு விஞ்ஞானிகள், மோனே, ஆங்கில ஓவியர் டர்னர் இருவரும் தீட்டிய ஏறத்தாழ 100 ஓவியங்களை ஆராய்ந்தார்கள். காற்றில் கந்தக மாசு கூடக் கூட, ஓவியங்களில் விளிம்புகள் மங்கி வெண்மை கூடியிருந்தது.

மோனேவுக்குக் கண்புரை இருந்ததே, அதனால்தான் மங்கலாக வரைந்தாரோ? நல்ல சந்தேகம்தான். ஆனால் கண்புரை என்று மருத்துவர் சொன்னது 1912இல். லண்டன் பயணங்கள் முடிந்து 11 ஆண்டுகள் ஆகியிருந்தன.

மோனே கண்ணால் கண்டதைத்தான் வரைந்தார் என்பதற்கு இன்னொரு சான்றும் உண்டு. நாடாளுமன்ற ஓவியங்கள் சிலவற்றில் சூரியன் எவ்வளவு உயரத்தில், எந்தக் கோபுரத்துக்கு நேராக இருக்கிறது என்று பர்மிங்காம் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் அளந்தார்கள். அதை வைத்து அவர்கள் கணக்கிட்ட நாட்கள், மோனேயின் கடிதங்களோடு ஒத்துப்போயின!