தண்டனைக்கு முன் விசாரணை

கூட்டுறவு இயக்கம் தோட்டத் தொழிலாளர்களுக்குப் புதியதன்று. 1960ஆம் ஆண்டில் துன் வீ. தி. சம்பந்தன் அவர்களின் முயற்சியால் தோன்றிய தேசிய நிலநிதிக் கூட்டுறவுச் சங்கம், தொழிலாளர்கள் சிறுகச் சிறுகச் செலுத்திய பங்குப் பணத்தைக் கொண்டு தோட்டங்களை வாங்கியது. வாசகர்களுள் பலர் பால்மரக் காட்டில் தொழிலாளர். கூட்டுறவுச் சங்கத்திலோ பங்குதாரர். எனவே, ஒழுங்கு நடவடிக்கை, பதவி உயர்வு ஆகியவற்றால் எழும் தகராறுகளை இரு பக்கமும் நின்று நாம் அறிந்துகொள்ளுதல் அவசியமாகும்.

ஒரு கூட்டுறவுச் சங்கத்தின் கணக்கில் 500 ரிங்கிட் குறைகிறது என்று வைத்துக்கொள்வோம். பணம் வாங்கும் கிராணி மீது சந்தேகம் விழுகிறது. "நம் பணத்தில் சம்பளம் வாங்குபவர்தானே, இன்றே வெளியேற்றுங்கள்" என்று சில உறுப்பினர்கள் கூறக்கூடும். ஆனால், பணம் குறைந்தது என்பது வேறு; அவர் எடுத்தார் என்பது வேறு. கூட்டலில் பிழை நேர்ந்திருக்கலாம், பற்றுச்சீட்டு தவறியிருக்கலாம், வேறொருவர் கை வைத்திருக்கலாம். உண்மையைக் கண்டறிவதற்கே விசாரணை.

தீபகற்ப மலேசியாவுக்கும் லாபுவானுக்கும் உரிய 1955ஆம் ஆண்டு வேலைச் சட்டத்தின் 14ஆம் பிரிவு இதனைத் தெளிவாகக் கூறுகிறது. தவறான நடத்தைக்காக ஓர் ஊழியரை அறிவிப்பின்றி நீக்கவோ, பதவியிறக்கவோ, வேறு சிறு தண்டனை அளிக்கவோ முதலாளிக்கு அதிகாரம் உண்டு. ஆனால், முறையான விசாரணைக்குப் பின்னரே அவ்வாறு செய்யலாம். குற்றச்சாட்டை எழுத்தில் தருதல், பதில் கூற அவகாசம் அளித்தல், சாட்சிகளைக் கேள்வி கேட்க இடமளித்தல், புகார் செய்தவரே தீர்ப்பளிப்பவராக அமராதிருத்தல் ஆகியவை நல்ல விசாரணையின் இலக்கணங்களாகும்.

விசாரணைக்காக ஊழியரை ஒரு வாரத்திற்கு மேற்படாமல் இடைநீக்கம் செய்யலாம். அந்நாட்களில் பாதிச் சம்பளத்திற்குக் குறையாமல் கொடுத்தாக வேண்டும். குற்றம் வெளிப்படவில்லையெனில், பிடித்து வைத்த சம்பளம் முழுவதையும் திருப்பித் தருதல் கடமையாகும். தண்டனையாகச் சம்பளமின்றி நிறுத்தி வைப்பதானால், அது இரண்டு வாரங்களுக்கு மேற்படலாகாது.

நியாயமான காரணமின்றி நீக்கப்பட்டதாகக் கருதுபவர் என்ன செய்யலாம்? 1967ஆம் ஆண்டுத் தொழிலுறவுச் சட்டத்தின் 20ஆம் பிரிவின்படி, மீண்டும் வேலையில் அமர்த்தக் கோரித் தொழிலுறவு இலாகாவில் எழுத்து மூலம் முறையிடலாம். வேலை நீக்கப்பட்ட 60 நாட்களுக்குள் அம்முறையீடு சேர வேண்டும். நிர்வாகியிடம் மன்னிப்புக் கேட்டுக் காத்திருப்பதும், "அடுத்த மாதம் பார்ப்போம்" என்ற வாய்ச்சொல்லை நம்புவதும் இக்கெடுவை நீட்டித் தரமாட்டா. 61ஆம் நாள் வரும் முறையீட்டை ஏற்க இலாகாவுக்கு அதிகாரமில்லை. உண்மை தம் பக்கம் இருந்தும் வேலையை இழந்து நிற்கும் நிலை இதனால் ஏற்படலாம்.

இலாகா முதலில் சமரசம் செய்ய முயலும். அது பலிக்காவிடின், வழக்கு தொழில் நீதிமன்றத்திற்கு அனுப்பப்படும். முன்னர் அமைச்சரிடம் இருந்த அவ்வதிகாரம், 2021 ஜனவரி முதல் தலைமை இயக்குநரிடம் உள்ளது. அதே வேளையில், விசாரணை நடைபெறவில்லை என்பதை மட்டும் காட்டி வென்றுவிடலாம் என எண்ணலாகாது. அக்குறையைத் தொழில் நீதிமன்றமே தன் விசாரணையால் நிவர்த்தி செய்யலாம் என 1988ஆம் ஆண்டில் நாட்டின் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. எனவே, கடிதங்களையும் சம்பளச் சீட்டுகளையும் பத்திரமாக வைத்திருத்தல் வேண்டும்.

பதவி உயர்வின் நிலை சற்று வேறு. பால்வெட்டுபவரைத் தண்டலாக்குவதோ, கிராணியைத் தலைமைக் கிராணியாக்குவதோ முதலாளியின் உரிமை. இன்னாரை உயர்த்துக என்று தொழிற்சங்கம் கூட்டு ஒப்பந்தத்தில் கோர முடியாது. எனினும், உயர்வுக்குரிய பொது நடைமுறைகளைப் பற்றிச் சங்கம் பேசலாம். மேலும், தொழிற்சங்க உறுப்பினர் என்ற காரணத்திற்காக ஒருவருக்கு உயர்வை மறுப்பதைத் தொழிலுறவுச் சட்டத்தின் 5ஆம் பிரிவு தடை செய்கிறது. அவ்வாறு நேர்ந்தால் இலாகாவில் புகார் செய்யலாம். சேவைக் காலம், தேர்ச்சி, நன்னடத்தை எனத் தகுதிகளை முன்கூட்டியே அறிவித்துவிடும் இடத்தில் மனத்தாங்கலும் குறைவாகவே இருக்கும்.

தோட்டத்தில் தம்மை விசாரியாமல் தண்டிக்கலாகாது என்று கேட்பவர், கூட்டுறவுச் சங்கக் கூட்டத்தில் அமரும்போது அங்குள்ள ஊழியருக்கும் அந்நீதியைக் கேட்டல் வேண்டும். கணக்கில் குறைவு கண்டால் உறுப்பினர்கள் கேள்வி கேட்கட்டும், கணக்காய்வு கோரட்டும். ஆனால், ஒருவரின் பிழைப்பைப் பறிக்கும் முடிவு விசாரணைக்குப் பின்னரே வரட்டும். தொழிலாளராக நாம் எதிர்பார்க்கும் நீதியைப் பங்குதாரராகவும் வழங்குவோமாக.