ஒப்பாரிக்குள் ஓர் இலக்கணம்

எழவு வீட்டுக்குள் நுழையும் பாட்டி, பிணத்தின் பக்கத்தில் உட்கார்ந்ததுமே பாடத் தொடங்கிவிடுகிறார். இறந்தவர் தனக்கு என்ன உறவு, எந்த மலையில் கொழுந்தெடுத்தார், எந்தப் பிள்ளை இன்னும் வந்து சேரவில்லை எல்லாம் அந்தப் பாட்டில் வரும். நேற்றுவரை இல்லாத பாட்டு அது. எழுதிப் பார்க்க நேரமில்லை. பாடுகிறவருக்கு எழுத்தே தெரியாமலும் இருக்கலாம். ஆனாலும் ஓசை இடறுவதில்லை. இலங்கை மலையகத்தில் கலஹா, தெல்தோட்டைப் பக்கத்துத் தோட்ட லயங்களில் வளர்ந்தவர்களுக்கு இது பழகிய காட்சி. பழகியதாலேயே, இது எப்படி முடிகிறது என்று நாம் கேட்பதில்லை.

“என்னப் பெத்த” என்று ஒப்பாரியில் அடிக்கடி வரும் தொடரை எடுத்துக்கொள்வோம். அதற்குப் பின்னால் அம்மா வரலாம். அப்பா, அய்யா, ராசா எதுவும் வரலாம். அசை பிரித்துப் பாருங்கள்: அம்-மா, அப்-பா, அய்-யா, ரா-சா. நான்கும் நேர் நேர், பள்ளியில் நாம் தேமா என்று மனப்பாடம் செய்த அதே சீர். யார் இறந்தாலும் வரி உடையாது. தாளத்துக்குத் தயாராக வெட்டி வைத்த இப்படிப்பட்ட தொடர்கள் பாட்டியிடம் ஏராளம். அவர் ஒப்பிப்பது மனப்பாடத்தை அல்ல; பாடும்போதே கட்டுகிறார். அடுத்த வரியை யோசிக்க வேண்டிய நேரத்தை, பழகிய தொடர் ஒன்று வாங்கிக் கொடுத்துவிடுகிறது.

இந்தத் தொடர்களுக்கு ஆய்வாளர்கள் வாய்பாடு என்று பெயர் வைத்தார்கள். ஹோமரின் காவியங்களில் ஒரே அடைமொழிகள் ஏன் திரும்பத் திரும்ப வருகின்றன என்று கேட்டுக்கொண்டிருந்த அமெரிக்கர் மில்மன் பாரி, 1933 முதல் 1935 வரை யுகோஸ்லாவியக் கிராமங்களில் வீரகதைப் பாடகர்களை அலுமினியத் தட்டுகளில் ஒலிப்பதிவு செய்தார். எழுதப் படிக்கத் தெரியாத அவ்தோ மெஜெதோவிச் என்பவர் ஒரே கதையைப் பன்னிரண்டாயிரத்துக்கு மேற்பட்ட வரிகளில் பாடினார். இன்னொரு வியப்பும் உண்டு. ஒரு சொல்லும் மாறாமல் பாடுவதாகப் பாடகர்கள் சத்தியம் செய்தார்கள். பதிவுகளை ஒப்பிட்டால் பாட்டு ஒவ்வொரு முறையும் மாறியிருந்தது. அவர்கள் பொய் சொல்லவில்லை. கதை மாறாவிட்டால் பாட்டு மாறவில்லை என்பது அவர்கள் கணக்கு. பாரி இளவயதில் இறந்துவிட, மாணவர் ஆல்பர்ட் லார்ட் 1960இல் இதையெல்லாம் நூலாக்கினார்.

இந்த முறையைத் தமிழுக்குக் கொண்டுவந்தவர் நம்மவர்தான். பேராதனையில் படித்து, அங்கேயே கற்பித்த க. கைலாசபதி, பர்மிங்ஹாமில் ஜோர்ஜ் தொம்சனிடம் செய்த ஆய்வு 1968இல் ஆங்கில நூலாக வந்தது. மலைகெழு நாடன், குன்றுகெழு நாடன் என்று சங்கப் பாட்டில் அச்சு மாறாமல் திரும்பும் தொடர்கள், பாணர்களின் வாய்மொழிக் கலையிலிருந்து வந்தவை என்பது அவர் வாதத்தின் சாரம். ஜோர்ஜ் ஹார்ட் போன்ற ஆய்வாளர்கள் இதை முழுதாக ஏற்கவில்லை. பாணர் மரபைப் பின்பற்றிப் புலவர்கள் எழுதிய பாட்டுகள் அவை என்றார்கள். எனக்கு ஹார்ட் பக்கம் கொஞ்சம் கூடுதல் நியாயம் இருப்பதாகப் படுகிறது. ஆனால் சங்ககாலப் பாணரை அழைத்து, “அதே பாட்டை இன்னொரு தடவை பாடுங்கள்” என்று கேட்டுத் தீர்க்க வழியில்லை.

பேராதனை வளாகத்தின் ஊடாகப் போகிற வீதிக்குப் பெயர் கலஹா வீதி. அதன் மேல்முனையில் அப்படிக் கேட்டிருக்கக்கூடிய பாடகர்கள் உயிரோடு இருந்தார்கள்.

அவர்களின் பாட்டைச் சேர்க்கும் வேலையில் தனித்து நிற்பவர் சி. வி. வேலுப்பிள்ளை. மடக்கும்புரத் தோட்டத்தில் 1914இல் பிறந்து, 1947இல் தலவாக்கலையின் நாடாளுமன்ற உறுப்பினரானவர். தொழிற்சங்க வேலையோடு அவர் திரட்டிய ‘மலைநாட்டு மக்கள் பாடல்கள்’ 1983இல் வெளிவந்தது. அடுத்த ஆண்டு அவர் மறைந்தார். அந்த நூல் இல்லாவிட்டால் நம் கை வெறுங்கை. ஆனால் அச்சு ஒரு பாட்டின் ஒரு வடிவத்தைத்தான் பிடித்து வைக்கும். அதற்குள் பாடகர்களும் பிரிந்துபோனார்கள். 1964ஆம் ஆண்டின் சிறிமா–சாஸ்திரி ஒப்பந்தம் இந்திய வம்சாவளியினர் 5,25,000 பேரை இந்தியாவுக்கு என்று எழுதியது. நீலகிரியின் கூடலூரிலும் கோத்தகிரியிலும் இன்று கண்டிச் சீமைப் பாட்டு கேட்டால் அதன் காரணம் இது.

ஒன்றின் பல வடிவங்களையும் சேர்த்து வைத்த இடமும் உண்டு. நெதர்லாந்தின் வடக்கே, பிரீசிய மொழி பேசும் மாகாணத்தில் 1960களின் நடுவில் டாம் யார்ஸ்மா என்பவர் வீடுவீடாகப் போய்க் கதை கேட்கத் தொடங்கினார். ஏழை விவசாயத் தொழிலாளர்களே பெரும்பாலும் சொன்னார்கள். சேர்ந்தது சுமார் 16,000 கதை. ஒரே பேய்க்கதையைப் பலர் சொன்னால் அத்தனையையும் எழுதிக்கொண்டார். யுர்யென் வான் டெர் கோய் 1984இல் பிரீசியக் கதைகளை உலகக் கதைவகை எண்களின்படி அட்டவணையாக்கியபோது, அந்தத் திரும்பச் சொல்லல்களுக்கு மதிப்பு வந்தது. எது நிலைக்கிறது, எது உதிர்கிறது என்று அவற்றை வைத்துத்தான் பார்க்க முடியும்.

நம் பாட்டுகளுக்கு அப்படி அடுக்கடுக்கான வடிவங்கள் இல்லாததால் எதை இழந்தோம் என்பதற்கு ஓர் உதாரணம். 1869இல் இலங்கைக் கோப்பியில் இலைநோய் கண்டது. அதற்கு இரண்டு ஆண்டுகள் முன்னமே, கலஹாவுக்கு அப்பால் லூல்கந்துரையில் ஜேம்ஸ் டெய்லர் 19 ஏக்கரில் தேயிலை போட்டிருந்தார். சில பத்தாண்டுகளில் மலையெல்லாம் தேயிலை. கோப்பி என்பது தேமா, தேயிலையோ கூவிளம். கோப்பி இருந்த இடத்தில் தேயிலை என்று வைத்தால் சீர் நீண்டுவிடும். பாடியவர்கள் என்ன செய்தார்கள்? இழுத்துப் பாடினார்களா, கொழுந்து என்று மாற்றினார்களா, வரியையே கைவிட்டார்களா? ஒரே பாட்டின் அடுத்தடுத்த தலைமுறை வடிவங்கள் இருந்திருந்தால் விடை தெரிந்திருக்கும்.

இப்போதும் செய்யக்கூடியது உண்டு. உங்கள் வீட்டில் தாலாட்டோ கும்மியோ காமன் கூத்துப் பாட்டோ தெரிந்த முதியவர் இருந்தால், அவர் சம்மதத்தோடு கைபேசியில் பதிவு செய்யுங்கள். எழவு வீட்டில் வேண்டாம். எந்தத் தோட்டம், எந்த டிவிஷன், யாரிடம் கற்றது என்பதை அவர் குரலிலேயே சொல்ல வையுங்கள். சில மாதம் கழித்து அதே பாட்டை மறுபடி பாடச் சொல்லிப் பதியுங்கள். இரண்டும் பெரும்பாலும் ஒத்துப்போகாது. பிழை என்று எண்ணி ஒன்றை அழித்துவிடாதீர்கள்.