தலைக்காயத்துக்குக் குறியீடு உண்டு; காரணத்துக்கு?

செகந்திராபாத்: அமெரிக்க மருத்துவமனைகளின் நோயாளிக் குறிப்புகளைக் குறியீடுகளாக மாற்றித் தரும் பணி, ஐதராபாத், செகந்திராபாத் இரட்டை நகரங்களில் பெரும் தொழிலாக வளர்ந்துள்ளது. அந்தப் பதிவுகளில் மூளையுறைக்குக் கீழ் ரத்தக் கசிவா, நினைவிழப்பு எத்தனை நிமிடம் நீடித்தது என்பது வரை குறிப்பிடப்படுகிறது.

இந்தியாவில் மரணச் சான்றிதழே பெரும்பாலோருக்கு மருத்துவர் கையெழுத்துடன் கிடைப்பதில்லை. 2020ஆம் ஆண்டு பதிவான மரணங்களில் 22.5 சதவீதத்துக்கு மட்டுமே காரணம் மருத்துவரீதியாகச் சான்றளிக்கப்பட்டது.

உலக சுகாதார நிறுவனத்தின் நோய் வகைப்பாட்டின் பத்தாவது பதிப்பில், மண்டையோட்டுக்குள் ஏற்படும் காயத்தின் குறியீடு 'எஸ் 06'. எனினும், விபத்து மரணத்தின் அடிப்படைக் காரணமாகக் கொள்ளப்படுவது, காயத்தை விளைவித்த நிகழ்வே. இருசக்கர வாகன விபத்தா, தவறி விழுந்ததா, தாக்குதலா என்பதை மருத்துவர் எழுதாவிட்டால், அந்த மரணம் உரிய கணக்கில் சேராது.

தலைக்கவசம் அணியாததால் 2022இல் 50,029 பேர் உயிரிழந்ததாக மத்திய சாலைப் போக்குவரத்து அமைச்சகம் தெரிவித்தது. இது காவல்துறைப் பதிவுகளின் அடிப்படையிலான கணக்கு. மோட்டார் வாகனச் சட்டத்தைத் திருத்தி, 2019இல் அபராதத்தை உயர்த்தியது நாடாளுமன்றம். அதனால் உயிர்கள் காக்கப்பட்டனவா என்பதை மருத்துவமனைப் பதிவுகளைக் கொண்டு சரிபார்க்க, மருத்துவர் எழுதும் அந்த ஒரு வரி அவசியமாகிறது.