கரும்புச் சாற்றை அளக்கும் மஞ்சள் ஒளி

கல்வராயன் மலையடிவாரத்தில், கச்சிராயபாளையத்தில் ஒரு கூட்டுறவு சர்க்கரை ஆலை, மூங்கில்துறைப்பட்டில் இன்னொன்று. அரவைப் பருவத்தில் கரும்பு ஏற்றி நிற்கும் டிராக்டர் வரிசையைப் பார்க்காத கள்ளக்குறிச்சிக்காரர் இருக்க மாட்டார். சாற்றில் சர்க்கரை எவ்வளவு என்பதைச் சர்க்கரை ஆலைகள் ஒளியை வைத்துத்தான் அளக்கின்றன என்பது அவர்களிலும் பலருக்குத் தெரியாது.

கருவியின் பெயர் போலாரிமீட்டர். ஒளி அலை சாதாரணமாக எல்லாப் பக்கமும் அதிரும். ஒரு வடிப்பான் வழியே அனுப்பினால் ஒரே தளத்தில் மட்டும் அதிரும். அந்த ஒளி சர்க்கரைக் கரைசலுக்குள் போனால் தளம் வலப்பக்கம் திரும்பிவிடுகிறது. எத்தனை பாகை திரும்பியது என்று மறுமுனையில் உள்ள இரண்டாவது வடிப்பானைச் சுழற்றிக் கண்டுபிடிக்கிறார்கள். 26 கிராம் சுத்தமான சர்க்கரையை 100 மில்லிலிட்டர் கரைசலாக்கி, 200 மில்லிமீட்டர் குழாயில் ஊற்றி, 20 டிகிரி வெப்பத்தில் பார்த்தால் 34.6 பாகை. சாறு காட்டும் பாகையை இதோடு ஒப்பிட்டால், சாற்றின் சர்க்கரையைக் குறிக்கும் ‘போல்’ அளவு கிடைக்கும்.

இந்த 34.6 சோடியம் விளக்கின் மஞ்சள் ஒளிக்கு மட்டுமே பொருந்தும். பாதரச விளக்கின் பச்சை ஒளியில் அதே கரைசல் 40.8 பாகை திருப்பும். அதனால் எந்த ஒளி என்று சொல்லாமல் பாகையை மட்டும் சொல்வதில் பொருளே இல்லை. எந்த ஒளி என்பதைச் சொல்வதுதான் அலைநீளம்.

சோடியம் மஞ்சளின் அலைநீளம் 589 நானோமீட்டர். ஒரு மில்லிமீட்டருக்குள் சுமார் 1,700 அலைகள் அடங்கும். அடுப்பில் சோறு பொங்கி உப்புத் தண்ணீர் தீயில் பட்டதும் நீலச் சுடர் மஞ்சளாகிறதே, அதே ஒளிதான். சூட்டில் மேலேறிய சோடியம் எலக்ட்ரான் பழைய இடத்துக்கு இறங்கும்போது மிச்ச ஆற்றலை ஒளித்துகளாக விடுகிறது. இறங்கும் உயரம் எப்போதும் ஒன்றே என்பதால் நிறமும் மாறுவதில்லை.

இனி கணக்கு. ஒளி நொடிக்கு ஏறத்தாழ 30 கோடி மீட்டர் ஓடும். அதை அலைநீளத்தால் வகுத்தால், நொடிக்கு எத்தனை அலை நம்மைக் கடக்கிறது என்று வரும். அதுதான் அதிர்வெண். 30 கோடியை 589 நானோமீட்டரால் வகுத்தால் கிட்டத்தட்ட 509 லட்சம் கோடி. பட்ஜெட்டில் கேட்ட ‘லட்சம் கோடி’ இங்கே ஒரு நொடிக்குள் ஓடிவிடுகிறது.

ஆற்றலுக்கு 1900-இல் மாக்ஸ் பிளாங்க் தந்த மாறிலி வேண்டும். அதிர்வெண்ணை அதனால் பெருக்கினால் ஒரு ஒளித்துகளின் ஆற்றல். ஜூலில் சொன்னால் எண் கண்ணுக்கே தெரியாத அளவு சிறியது. எலக்ட்ரான் வோல்ட்டில் சொல்வது சுலபம். ஒளி வேகமும் பிளாங்க் மாறிலியும் சேர்ந்து 1240 என்றாகிவிடும், அதை நானோமீட்டர் எண்ணால் வகுத்தால் போதும். 1240-ஐ 589-ஆல் வகுக்க, 2.1. பச்சைக்கு அலைநீளம் 546, ஆற்றல் 2.27. அலை குறுகக் குறுக ஆற்றல் கூடும். அலைநீளம், அதிர்வெண், ஆற்றல் மூன்றில் ஒன்று தெரிந்தால் மற்ற இரண்டும் கைக்கு வந்துவிடும். எட்டாம் வகுப்புப் பிள்ளைகூட இந்த வகுத்தலைச் செய்யலாம். ஆலைப் பக்கத்துப் பள்ளிகளில் பிள்ளைகளைச் சோடியம் விளக்கின் முன்னால் நிறுத்தி இதைச் சொல்லித்தர வேண்டும் என்பது என் ஆசை.

விவசாயிக்கும் இந்த அளவீட்டில் பங்கு உண்டு. வெட்டிய கரும்பு நாள்கணக்கில் கிடந்தால் சர்க்கரை குளுக்கோஸாகவும் ஃபிரக்டோஸாகவும் உடைகிறது. ஃபிரக்டோஸ் ஒளியை இடப்பக்கம் திருப்பும், போல் சரிகிறது. 2022-23 பருவம் முதல் மத்திய அரசு 10.25 சதவீதச் சர்க்கரைக் கட்டுமானத்தை, அதாவது கரும்பிலிருந்து கிடைக்கும் சர்க்கரையின் விகிதத்தை, அடிப்படையாக வைத்துத்தான் கரும்பு விலையை அறிவிக்கிறது. வெட்டியதும் அரவைக்குப் போக வேண்டும் என்று விவசாயி தவிப்பதில் நியாயம் இருக்கிறது.

மஞ்சள் ஒளிக்கு ஒரு குறை உண்டு. கறுத்த சாற்றுக்குள் அது சரியாக நுழையாது. அதற்காகச் சாற்றைத் தெளியவைக்க நெடுங்காலமாக ஈய உப்பைக் கலந்துவந்தார்கள். ஆனால் ஈயம் நஞ்சு. புதிய கருவிகள் 880 நானோமீட்டர் அளவிலான அகச்சிவப்பு ஒளியைப் பயன்படுத்துகின்றன. ஆற்றல் 1.41 எலக்ட்ரான் வோல்ட்தான். சாற்றின் நிறப்பொருள்கள் இதை அவ்வளவாக உறிஞ்சுவதில்லை. வடிகட்டிய சாறே போதும், ஈயம் தேவையில்லை.